மயிலாள் ஷெட்டுக் கதவு

இதில் வருகிற ஒவ்வொரு சொல்லும் உண்மை. சிவன்மலை முருகன்மேல் ஆணையிட்டுச் சொல்வது இது. ஒரு சொல் கூடுதலாக இருந்தாலும் சொன்னவன் நாக்கில் கொப்புளம் வரட்டும். கொப்புளம் இப்போதே ஒன்று இருக்கிறது. அது சூடான டீயால் வந்தது. இதற்கும் அதற்கும் சம்பந்தமில்லை.

திருப்பூர் வேலம்பாளையத்தில், மெயின் ரோட்டிலிருந்து கொஞ்சம் உள்ளே தள்ளி, மயிலாளுக்கு ஒரு தகர ஷெட். அதில் அவளும் நான்கு பெண்களும் உட்கார்ந்து பிசிறு வெட்டுவார்கள். தைத்து வந்த பனியனில் நீட்டிக்கொண்டிருக்கும் நூல் நுனிகளை நறுக்கி, ஓட்டை உண்டா, கறை உண்டா என்று திருப்பிப் பார்த்து அடுக்கி அனுப்புகிற வேலை. கடலுக்கு அந்தப் பக்கம் யாரோ ஒரு துரை பனியனைப் போட்டுக்கொண்டு கழுத்தைச் சொறியாமல் நிம்மதியாக இருக்கிறார் என்றால் அது மயிலாளின் புண்ணியம்.

ஷெட்டுக்கு முன்பக்கம் பச்சை பெயிண்ட் அடித்த இரும்புக் கதவு. மயிலாளின் புருஷன் கந்தவேல் உயிரோடிருந்தபோது ஈரோட்டுக்குப் போய்ப் பார்த்துப் பார்த்து வாங்கி வந்து போட்டது. அதைச் சாத்தினால் சத்தம் ஊத்துக்குளி ஸ்டேஷன் வரைக்கும் போகும். அதைக் கேட்டு, மணி அடித்துவிட்டார்கள் என்று நினைத்து ஒரு பாசஞ்சர் ரயில் கிளம்பியே போயிருக்கிறது.

கந்தவேல் போன ஐந்தாம் வருஷம், பக்கத்துக் கம்பெனி ராஜவேல் வந்தான். கந்தவேலுக்குச் சித்தப்பா மகன். பனியன் ஏற்றுமதிக் கம்பெனி வைத்திருக்கிறான். எவ்வளவு பெரிய கம்பெனி என்றால், காலை ஷிப்டுக்கு முன்வாசலில் நுழைந்தவர்கள் பின்வாசலுக்குப் போய்ச் சேரும்போது பாதி ஷிப்டு முடிந்திருக்கும். ஆனால் கண்டெய்னர் லாரி திரும்ப மட்டும் இடமில்லை. லாரி திரும்ப வேண்டுமானால் அது மயிலாளின் ஷெட்டுக்குள்தான் திரும்ப வேண்டும்.

"அண்ணி, இந்த எடம் எங்கப்பன் பங்குங்க. அண்ணன் இருந்த வரைக்கும் கேக்க மனசு வர்லீங்க" என்றான்.

"அப்புடீங்களா தம்பி. இப்ப வந்துருச்சுங்களா, மனசு."

"லாரி வந்துருச்சுங்க."

"டீ குடிக்கறீங்களா?"

"குடுங்க."

குடித்துவிட்டுப் போய் கேஸ் போட்டான்.

பத்திரம் இரண்டு பேரிடமும் இருந்தது. தாத்தா ஆறுமுகசாமி பாகம் பிரித்தபோது, வேப்பமரத்துக்கு மேற்கே மூத்தவனுக்கு, கிழக்கே இளையவனுக்கு என்று எழுதி வைத்துவிட்டுப் போயிருந்தார். மரத்தை எப்போதோ வெட்டி அடுப்பெரித்தாயிற்று. மரம் நின்ற இடம் மயிலாளுக்கு நன்றாகத் தெரியும். ராஜவேலுக்கும் நன்றாகத் தெரியும். இரண்டும் ஒரே இடமில்லை என்பதுதான் வழக்கு.

மயிலாளுக்கு வக்கீல் மைதிலி. சின்ன வயசு, அவிநாசி ரோட்டில் ஒரு மாடியறையில் ஆபீஸ். பத்திரத்தை இரண்டு தடவை படித்துவிட்டு மடித்து வைத்தாள்.

"இத அப்பறம் பாக்கலாங்கம்மா. மரம் எங்க இருந்துதுன்னு முடிவாக நாளாகும். இப்ப கோர்ட்டு கேக்கறது ஒண்ணே ஒண்ணுதான். எடம் இன்னைக்கு யாரு கையில இருக்குது?"

"எங்கையிலதான் கண்ணு இருக்குது."

"அத நீங்க சொன்னாப் பத்தாதுங்க. கோர்ட்டுல இருந்து ஒரு வக்கீலக் கமிஷனராப் போட்டு அனுப்புவாங்க. அவரு நேர்ல வந்து கண்ணுல பட்டத எழுதிக் குடுப்பாரு. உங்க கையில இருக்குதுன்னு எழுதுனா, கேஸ் முடியற வரைக்கும் யாரும் உங்கள அசைக்க முடியாது. ராஜவேலு கையில இருக்குதுன்னு எழுதுனா, நீங்க எந்திரிச்சு வெளிய வரோணும்."

"கேஸ் எப்பக் கண்ணு முடியும்?"

மைதிலி ஜன்னல் வழியாகக் கீழே டீக்கடையைப் பார்த்தாள். "டீ சொல்லட்டுங்களா?" என்று கேட்டாள்.

மயிலாளுக்குப் புரிந்துவிட்டது. எழுந்து வெளியே வந்தால் அடுத்து எங்கே போய் உட்கார வேண்டும் என்பதும் தெரியும். வேலம்பாளையத்தில் பிசிறு வேலை எப்போதும் காலி இருக்கிற கம்பெனி ராஜவேல் கம்பெனிதான். அங்கே அவன் சூப்பர்வைசர் விசில் ஊதுவான். ஊதினால் இவள் நிமிர்ந்து பார்க்க வேண்டும். ஐம்பத்திரண்டு வயசுக்குமேல் விசிலுக்கு நிமிர்கிறதில்லை என்று அவள் பஸ் ஏறும்போதே முடிவு செய்துகொண்டாள்.

சாவி யாரிடம் இருக்கிறதோ, இடம் அவர் கையில் என்று மைதிலி சொல்லியிருந்தாள். அதனால் அன்று சாயங்காலமே மயிலாள் கதவுக்கு ஒரு புதுப் பூட்டு போட்டாள்.

காலையில் வந்து பார்த்தால் அதன் பக்கத்தில் இன்னொரு பூட்டு. ராஜவேல் சுவரோரம் நின்றிருந்தான்.

"அண்ணி, உங்க பூட்டு பக்கத்துல எம்பட பூட்டையும் போட்டுக்கிட்டனுங்க. தப்பா நெனச்சுக்காதீங்க."

"அதுக்கென்னுங்க தம்பி. கதவு பெருசுதான்."

மயிலாள் அதன் பக்கத்தில் இன்னொன்று போட்டாள். ராஜவேல் இன்னொன்று. நாதாங்கியில் இடம் தீர்ந்ததும் பூட்டிலேயே பூட்டைக் கோத்தார்கள். மாரியம்மனுக்கு எலுமிச்சம்பழ மாலை சாத்தியதுபோல் பூட்டுகள் தொங்கின. ஊரில் பூட்டு தீர்ந்து போனது. வேலம்பாளையத்தில் யாரும் வீட்டைப் பூட்ட முடியவில்லை. திருடர்களுக்கு இது ஏதோ சூழ்ச்சி என்று தோன்றி, பயந்து வெள்ளகோவில் பக்கம் போய்விட்டார்கள். பூட்டுக்கடைக்காரர் மயிலாளுக்கும் ராஜவேலுக்கும் தனித்தனியாகக் காலண்டர் கொடுத்தார். கனம் தாங்காமல் ஷெட்டே முன்பக்கமாகக் குனிந்தது. உள்ளே பென்சில் கீழே விழுந்தால் உருண்டு வந்து கதவில்தான் முட்டும்.

கதவு திறக்கவில்லை என்பதற்காக வேலையை நிறுத்த முடியுமா. பின்பக்கத் தகரத்தில் ஒன்றை நெம்பிவிட்டு அந்தச் சந்து வழியாக மயிலாளும் பெண்களும் உள்ளே போய்வந்தார்கள். ஆனால் செருப்பை மட்டும் முன்பக்கம் கதவுக்கு எதிரில்தான் கழற்றினார்கள். துணி இருக்கிற இடத்துக்குள் செருப்போடு போகக் கூடாது, மண் ஒட்டிவிடும். அது திருப்பூரில் குழந்தைக்குக்கூடத் தெரியும். செருப்பு விடுகிற இடம் வாசல். வாசல் கதவுப் பக்கம் இருக்கிறது. எனவே பூட்டிய கதவுக்கு முன்னால் செருப்பை விட்டுவிட்டு, வெறுங்காலோடு ஷெட்டைச் சுற்றிப் பின்பக்கம் போனார்கள்.

"எக்கா, செருப்பப் பின்னாடியே விட்டா என்னக்கா? முள்ளு குத்துதுல்லா" என்று ரோஸ்மேரி ஒருநாள் கேட்டாள். தூத்துக்குடிப் பக்கத்திலிருந்து கல்யாணமாகி வந்தவள். நான்கு பேரில் வாய் உள்ளவள்.

"பின்னாடி எங்க புள்ள வாசல் இருக்குது?"

ரோஸ்மேரி யோசித்துப் பார்த்தாள். இல்லைதான். முள்ளோடு நடந்தாள்.

மாடு கட்டியிருந்தாலும் அது கையில் இருக்கிற இடம்தான் என்று ராஜவேலுக்கு அவன் வக்கீல் சொன்னாராம். ஊத்துக்குளியிலிருந்து ஓர் எருமையைப் பிடித்துவந்து கதவோரம் கட்டினான். எருமைக்குப் புல் வைக்க ஆள் வைத்தவன், கட்டிங் வேஸ்ட் மூட்டையை எட்ட வைக்கச் சொல்ல மறந்துவிட்டான். நேவி புளூ துணி வெட்டியது போக மிஞ்சின துண்டுகள். எருமை அதை ருசி கண்டுவிட்டது. மூன்றாம் நாள் பால் இளநீலத்தில் கறந்தது. அந்த நேரம் பார்த்து வெளிநாட்டிலிருந்து ராஜவேலிடம் சரக்கு வாங்குகிற பையர் வந்திருந்தார். மேஜையில் இருந்த பால் டம்ளரை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்து, இத்தனை மாதமாக நான் கேட்ட நீலம் இதுதான் என்று ஓகே சொல்லிக் கையெழுத்தும் போட்டுவிட்டார். சாயப்பட்டறையில் எத்தனை தடவை போட்டும் அந்த நீலம் வரவில்லை. ராஜவேல் எருமையைத் திருப்பி அனுப்பினான். போகும்போது அது மயிலாளைத் திரும்பித் திரும்பிப் பார்த்தது. தண்ணி காட்டியவள் அவள்தான்.

இப்படியே சித்திரை வந்தது. கமிஷனர் வருகிற நாளும் வந்தது.

அன்று காலையில் மயிலாள் குளித்து, முருகனுக்கு ஒரு சூடம் காட்டிவிட்டு, ஷெட் வாசலில் கூட்டிக் கோலம் போட்டாள். மைதிலியைக் கையோடு கூட்டி வர ஆட்டோ பிடித்துப் போனாள். அவள் ஆட்டோ முனை திரும்பியதும் ராஜவேல் வேலையை ஆரம்பித்தான்.

அவள் மைதிலியோடும் கமிஷனரோடும் திரும்பி வந்தபோது ஷெட்டுக்குள்ளிருந்து தையல் மெஷின் சத்தம் கேட்டது. பின்பக்கம் ஓடிப் பார்த்தாள். பின்பக்கத் தகரம் மொத்தமும் கழற்றி ஓரமாகச் சாய்த்திருந்தது. உள்ளே வரிசையாகத் தையல் மெஷின்கள், டியூப் லைட், மின்விசிறி, இருபது டெய்லர்கள், நடுவில் விசிலோடு சூப்பர்வைசர். சுவரில் முருகன் படம்கூட மாட்டியிருந்தான். அதில் மாலை வாடிப் போயிருந்தது. நேற்றே போட்டதுபோல் தெரியட்டும் என்று வாடின மாலையாகவே வாங்கியிருந்தான். இந்த ஒரு விஷயத்தில் மயிலாளுக்கே அவன்மேல் கொஞ்சம் மரியாதை வந்தது.

ஒரு மூலையில் ரோஸ்மேரியும் மற்ற மூவரும் தரையில் உட்கார்ந்து பிசிறு வெட்டிக்கொண்டிருந்தார்கள்.

"எக்கா, நாங்க வரும்போதே உள்ள ஆளு இருக்கு. எந்திரிங்கன்னாவ. மாட்டோம்னுட்டு இருந்துட்டோம்" என்று ரோஸ்மேரி கிசுகிசுத்தாள்.

"யாரிவங்க?" என்று கமிஷனர் கேட்டார்.

"நம்ம கம்பெனி ஆளுங்கதானுங்க சார். எல்லாருமே" என்றான் ராஜவேல். பணிவாகச் சொன்னான்.

கமிஷனர் வயசானவர். அதிகம் பேசாதவர். முதலில் கதவைப் பார்க்கலாம், சாவி யாரிடம் என்று தெரிந்தால் பாதி வேலை முடிந்தது என்று முன்பக்கம் வந்தார். பூட்டுகளைக் கண்டதும் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடி மாட்டிக்கொண்டார்.

"சாவி?"

மயிலாள் ஒரு சாக்குப் பையை இழுத்து வந்தாள். ராஜவேலின் சாவிகள் குட்டியானை வண்டியில் வந்து இறங்கின. இருவரும் மாற்றி மாற்றி முயன்றார்கள். மயிலாளின் சாவி ஒன்று ராஜவேலின் பூட்டைத் திறந்தது. ராஜவேலின் சாவி ஒன்று வண்டியின் டீசல் டேங்க்கைத் திறந்தது. மற்றபடி எதுவும் எதையும் திறக்கவில்லை. வெயில் ஏறி, பூட்டுகள் காய்ந்து, தொட்டால் கை சுட்டது.

"போதும்" என்றார் கமிஷனர். "சாவி விஷயம் தீர்மானமாகவில்லைனு எழுதிக்கிறேன்."

மறுபடி பின்பக்கமாக உள்ளே வந்தார். ஒரு ஸ்டூலில் உட்கார்ந்து எழுத ஆரம்பித்தார். மயிலாள் எட்ட நின்று அவர் பேனாவையே பார்த்தாள். மெஷின் ஓடுவதை எழுதியிருப்பார். லைட் எரிவதை எழுதியிருப்பார். மாலை வாடியதையும் எழுதியிருப்பார். அவளுடையதென்று எழுத ஒரு மூலையும் நான்கு பெண்களும் கத்தரிக்கோல்களும்தான் இருந்தன, அவற்றையும் அவன் தன்னுடையது என்று சொல்லிவிட்டான்.

"கண்ணு, எதாச்சும் பேசு" என்றாள்.

"அவரு பாக்கறத மட்டுந்தாங்கம்மா எழுதுவாரு. நாம பேசறத எழுத மாட்டாரு" என்றாள் மைதிலி. அவள் முகமும் சுண்டிப் போயிருந்தது.

சூப்பர்வைசர் மயிலாளைப் பார்த்து லேசாகச் சிரித்தான். விசிலை வாயில் வைத்து எடுத்தான்.

கமிஷனர் கடைசிப் பக்கத்தைத் திருப்பினார். அப்போது பக்கத்தில், ராஜவேல் கம்பெனியில், டீக்கு மணி அடித்தது.

திருப்பூரில் மழை நிற்காமல் பெய்யலாம், கரண்ட் போகாமல் இருக்கலாம், டீ மணிக்கு டெய்லர் எழுந்திருக்காமல் இருக்க முடியாது. அது மனசைக் கேட்டுக் கை கால் செய்கிற காரியமில்லை. பாதித் தையலில் ஊசியை நிறுத்திவிட்டு இருபது பேரும் எழுந்தார்கள். சூப்பர்வைசர் விசிலை ஊதினான். அவனே முதல் ஆளாக வெளியே போய்க்கொண்டிருந்தான், ஊதியது பழக்கத்தில்.

வெளியே வந்ததும் எல்லாரும் குதித்தார்கள். சித்திரை வெயில், கால் வைக்க முடியாத மண், அதைத் தாண்டினால் தார் ரோடு. இருபது பேரும் வெறுங்காலோடு, ஒரு காலை ஊன்றி மறு காலைத் தூக்கி, கொக்குக் கூட்டம் மாதிரி ராஜவேல் கம்பெனியைப் பார்த்துப் போனார்கள். சூட்டில் ஒருவன் எகிறிய எகிறில் கம்பெனிக் காம்பவுண்டைத் தாண்டி அந்தப் பக்கம் விழுந்தான். அவனுக்குத்தான் முதல் டீ கிடைத்தது.

கமிஷனர் எழுதுவதை நிறுத்திவிட்டு வெளியே வந்தார். கடைசியாகக் குதித்துக்கொண்டிருந்த ஒரு வடக்கத்திப் பையனை நிறுத்தினார்.

"செருப்பு எங்கப்பா? சப்பல்?"

"உதர் சார்" என்று அவன் கை நீட்டினான். "கம்பெனி மே."

"எந்தக் கம்பெனி?"

இதென்ன கேள்வி என்பதுபோல் அவன் பார்த்தான். ராஜவேல் கம்பெனி வாசலில் செருப்பு வைக்கிற பெரிய ரேக் இருந்தது. காலையில் வழக்கம்போல் எல்லாரும் அங்கே கழற்றி வைத்துவிட்டு உள்ளே போயிருந்தார்கள். அங்கிருந்து மெஷினையும் தூக்கிக்கொண்டு, வெயில் ஏறாத குளிர்ந்த மண்ணில் நடந்து இங்கே வந்துவிட்டார்கள். வாடின மாலை வரைக்கும் யோசித்த ராஜவேலுக்கும் கால் ஞாபகம் வரவில்லை.

"சார், வெறுங்கால்ல இருந்தா ஒடம்புக்கு நல்லதுன்னு நானே சொல்லியிருக்கறனுங்க" என்றான்.

மணிச் சத்தம் கேட்டு ரோஸ்மேரியும் மற்ற மூவரும் எழுந்து வந்தார்கள். கமிஷனருக்கு வழிவிட்டு, வெறுங்காலோடு ஷெட்டைச் சுற்றி முன்பக்கம் போனார்கள். அவரும் பின்னால் போனார். மயிலாளின் கோலத்துக்கு மேலே, பூட்டிய கதவுக்கு எதிரில், நான்கு ஜோடி செருப்பு. பெண்கள் ஆளுக்கொரு ஜோடியை மாட்டிக்கொண்டு டீக்கடைப் பக்கம் நடந்தார்கள்.

"நில்லும்மா. கதவுதான் பூட்டியிருக்கே. பின்னாடிதான போயிட்டு வர்றீங்க. செருப்ப ஏன் இங்க விட்டீங்க?"

ரோஸ்மேரி கமிஷனரை ஏற இறங்கப் பார்த்தாள். "வாசல் இங்கதான சார் இருக்கு."

கமிஷனர் செருப்பு கிடந்த இடத்தில் குனிந்து பார்த்தார். தினமும் விட்டு விட்டு மண் அங்கே வழவழவென்று தேய்ந்து, செருப்பு அளவுக்குக் குழி விழுந்திருந்தது. ரோஸ்மேரியின் குழியில் பெருவிரல்கூடத் தெரிந்தது.

"ஏங்க," என்று ராஜவேல் பக்கம் திரும்பினார். "உங்க ஆளுங்க செருப்பு எங்க விடுவாங்க?"

"ரேக்குலதானுங்க. கம்பெனி ரூல்ஸுங்க. ரேக்கு அங்க இருக்குதுங்க."

"அப்ப உங்க கம்பெனி அங்க இருக்குது" என்றார் கமிஷனர்.

ஸ்டூலுக்குத் திரும்பிப் போய், எழுதியதற்குக் கீழே இன்னொரு பத்தி எழுதினார். மயிலாள் அதைப் படிக்கவில்லை. மைதிலி தோளுக்குமேல் எட்டிப் படித்துவிட்டு இவள் பக்கம் திரும்பியபோது, அந்த முகத்தைப் பார்த்தே தெரிந்துகொண்டாள். முந்தானையைச் சரிசெய்துகொண்டு, "சார், டீ குடிக்கறீங்களா?" என்று கேட்டாள்.

"சக்கரை இல்லாம" என்றார்.

வழக்கு முடிகிற வரை மயிலாளின் ஷெட்டில் வேறு யாரும் நுழையக் கூடாது என்று உத்தரவாயிற்று. ராஜவேல் மறுநாளே தன் கம்பெனி ஆட்கள் அத்தனை பேரையும் மயிலாள் வாசலில் செருப்பு விடச் சொன்னான். அவிநாசி ரோடு வரைக்கும் செருப்பாக இருந்தது. ஒரு வாரம் விட்டார்கள். கமிஷனர் ஒரு தடவைதான் வருவார் என்று அவன் வக்கீல் அதற்குப் பிறகுதான் சொன்னார். லாரி இப்போது பின்னோக்கியே பெருமாநல்லூர் வரை போய்த் திரும்பி வருகிறது.

கடைசியில் ஒரு சாயங்காலம் அவனே வந்தான்.

"அண்ணி, எம்பட பூட்டுகளைக் கழட்டிக்கறனுங்க."

"கழட்டிக்கங்க தம்பி. எதெது உங்களுதுங்க?"

அவன் பார்த்தான். அவளும் பார்த்தாள். அதை நிரூபிக்க இன்னொரு கேஸ் போட வேண்டியிருக்கும் என்று இருவருக்குமே தோன்றியது. எல்லாவற்றையும் அறுத்தெடுத்து, உருக்கி, இருவர் பேரிலும் சிவன்மலைக்கு ஒரு வேல் செய்து கொடுத்தார்கள். மலைமேல் ஏற்ற ஊரே சேர்ந்து வடம் பிடித்தது. கதவு பழையபடி திறந்தது, சாத்திக்கொண்டது. ஊத்துக்குளியில் ரயில் கிளம்பியது.

ஒன்று சொல்ல விட்டுப்போனது. மயிலாளின் ஷெட்டுக்குக் கதவு கிடையாது. நான்கு தூணும் மேலே தகரமும்தான், நாலு பக்கமும் திறப்பு.